வெள்ளித்திரையில் பட்டாளம்

பாலக்காட்டின் கீழ்க்கோடியிலுள்ள சித்தூர், கொழிஞ்சாம்பாறைப் பகுதிகளிலும், இடுக்கி மலையின் தேவிகுளம், பீருமேடு பகுதிகளிலும் தமிழும் மலையாளமும் ஒரே தெருவில் வழங்குகின்றன. அங்குள்ளோர் இரு மொழிப் படங்களையும் வேற்றுமையின்றிக் காண்பவர். 2006-ல் மலையாளத்தில் 'கீர்த்தி சக்ரா' எனவும், தமிழில் 'அரண்' எனவும் ஒரு படம் வெளிவந்தது. காஷ்மீரில் தீவிரவாதிகளை எதிர்த்துப் போராடும் படைப்பிரிவின் கதை அது. மோகன்லால் மேஜர் மகாதேவனாகவும், ஜீவா அவருடன் பணிபுரியும் வீரராகவும் தோன்றினர். (கீர்த்தி சக்கரம், போர்முனைக்கு வெளியே காட்டிய வீரத்திற்காக, அசோக சக்கரத்துக்கு அடுத்தபடியாக அளிக்கப்படும் விருது என்பதை நேயர்கள் அறிந்திருப்பர்.)

இதனை இயக்கியவர் மேஜர் ரவி. பாலக்காடு மாவட்டத்துப் பட்டாம்பியைச் சேர்ந்த இவர், திரைக்காக மேஜர் பட்டம் சூட்டிக்கொண்டவரல்லர். இராணுவத்திலும் தேசியப் பாதுகாப்புப் படையிலும் பணியாற்றியவர். 1991 மே 21-ல் ஸ்ரீபெரும்புதூரில் ராஜீவ் காந்தி கொல்லப்பட்டபின், குற்றவாளிகளைப் பிடிக்கும் நடவடிக்கையில் பங்குகொண்டவர். ஆகஸ்டு மாதம் பெங்களூரையடுத்த கோணனகுண்டேயில் அவர்கள் பதுங்கியிருந்த வீடு சூழப்பட்டது. ஆனால், உள்ளே நுழைய ஆணை உடனே வரவில்லை. நுழைந்தபோது சிவராசனும் உடனிருந்தோரும் பிணமாகக் கிடந்தனர். அந்த அனுபவத்தையே 2007-ல், மம்முட்டியைக் கதாநாயகராக்கி, 'மிஷன் 90 டேஸ்' எனப் படமாக்கினார். இறுதியில் வெற்றி முரசம் கிடையாது. கைக்கெட்டியது நழுவிய கசப்பே எஞ்சுகிறது. படைவீரரைப் போற்றும் படங்களில் இத்தகைய முடிவு அரிது.

கார்கில் போரைக் காட்டும் 'குருக்ஷேத்ரா' (2008), விமானக் கடத்தலைப் பற்றிய 'காந்தஹார்' (2010), '1971: பியாண்ட் பார்டர்ஸ்' (2017) ஆகியவற்றிலும் மகாதேவன் மீண்டும் வருகிறார். உடையிலும் நடையிலும் ஆணையிடும் குரலிலும் பழகிய கை தெரிகிறது. ஆயினும் நாயகன் ஒருவனே முன்னிற்கும்போது, பட்டாளம் கூட்டுவாழ்வு அல்லவா என்று நமக்குத் தோன்றாமலில்லை.

2015-ல் வந்த 'பிக்கெட் 43' வேறு வகையானது. காஷ்மீர எல்லைக்கோட்டில், ஒரு நாயைத் துணைகொண்டு, தனியே காவல் காக்கும் வீரனாகப் பிருத்விராஜ் நடித்தார். எதிர்ச் சாவடியின் பாகிஸ்தானிய வீரனாக ஜாவேத் ஜாஃப்ரி. பகைவராயிருக்க வேண்டிய இருவர், தனிமை தாளாமல் பேசத் தொடங்குகின்றனர். துப்பாக்கி வெடிக்காத அக்காட்சிகளே இவர் படங்களில் உண்மைக்கு மிக அண்மையில் நிற்பவை என்பது நம் கருத்து. மொழிபெயர்ப்பு அலுவலில் 'பிக்கெட்' எனும் சொல் எதிர்ப்பட்டால், 'முன்னணிக் காவற்சாவடி' என்றெழுதி மேலே சென்றுவிடுவோம். அச்சாவடியில் ஒருவன் எதிரே மனிதக் குரல் கேட்காதா என ஏங்கிக் கிடப்பான் என்பதை அதுவரை நாம் எண்ணிப் பார்த்ததில்லை.