கோல்யாவுக்கு என்ன ஆச்சு?

இன்னைக்கு எபிசோட்ல ஒரு பையனைப் பத்திப் பேசப் போறேன். பேரு அலெக்சேய் ஃபோம்கின், செல்லமா அல்யோஷா. எண்பதுகள்ல சோவியத் யூனியன்ல பள்ளிக்கூடம் போனவங்ககிட்ட இந்தப் பேரைச் சொன்னா கொஞ்சம் யோசிப்பாங்க. ‘கோல்யா கெராசிமோவ்’னு சொன்னா போதும், உடனே முகம் மலர்ந்துடும். அது அவன் நடிச்ச பாத்திரம்.

தொடரோட பேரைத் தமிழ்ல சொல்லணும்னா, ‘எதிர்காலத்திலிருந்து வந்த விருந்தாளி’. மொத்தம் ஐந்து பகுதி. மாஸ்கோவோட கோர்க்கி ஸ்டுடியோ எடுத்தது, இயக்குநர் பாவெல் அர்செனோவ். 1985 மார்ச் கடைசியில, பள்ளிகளுக்கு வசந்த விடுமுறை விட்ட நேரத்துல, தினம் ஒரு பகுதியா டிவியில போட்டாங்க. அதுக்கு ரெண்டு வாரம் முன்னாடிதான் கோர்பச்சேவ் பதவிக்கு வந்திருந்தார். தேசிய சேனல்னா ஒண்ணு ரெண்டுதான் அப்போ. அதனால ஒரு தலைமுறைப் பிள்ளைங்க மொத்தமும் ஒரே வாரத்துல ஒரே கதையைப் பார்த்துச்சு. இன்னைக்கு எந்த ஓடிடி-யாலயும் அதைச் செய்ய முடியாது.

கதை இதுதான். அம்மா கோல்யாவை கெஃபிர் வாங்கக் கடைக்கு அனுப்புறாங்க. கெஃபிர்னா நம்ம மோர் மாதிரி ஒரு புளிச்ச பால். பையில பாட்டிலோட கிளம்பினவன் ஒரு பாழடைஞ்ச வீட்டுக்குள்ள நுழையறான். அங்க ஒரு டைம் மெஷின் இருக்கு. நேரா 2084. அங்கே மத்தவங்க மனசுல நினைக்கிறதைக் கேட்கிற ஒரு கருவி, அதைத் திருட வர்ற விண்வெளிக் கொள்ளைக்காரங்க. கருவி அவங்க கையில சிக்காம இருக்க, இவன் அதைத் தூக்கிட்டு 1984-க்கே ஓடி வந்துடறான். அதைத் தேடி எதிர்காலத்திலிருந்து அலீசான்னு ஒரு பொண்ணு இவன் வகுப்புக்கே வந்து சேருவா. அங்க கோல்யாங்கிற பேர்ல மூணு பசங்க. எவன்னு அவளுக்குத் தெரியாது.

எழுதினவர் கீர் புலிச்சேவ். அது புனைபெயர்தான். நிஜத்துல அவர் பர்மிய வரலாறு படிச்ச ஆய்வாளர், இகோர் மொஷேய்கோ. அவரைப் பத்தி மட்டுமே தனி எபிசோட் போடலாம், இப்போ வேண்டாம்.

தொடர் முடிஞ்சதும் நாடே காதலிச்சது அலீசாவைத்தான். நடிச்ச நதாஷா குசேவாவுக்குக் கடிதங்கள் வந்து குவிஞ்சுது. அதுல தப்பில்லை, அந்தக் கண்ணு அப்படி. ஆனா முதல் பகுதியைப் போட்டுப் பாருங்க, பெரும்பாலும் கோல்யா மட்டும்தான். பெரிய கிராஃபிக்ஸ் எதுவும் கிடையாது. 2084-ஐ நாம நம்புறதுக்குக் காரணம், அதைப் பார்த்து இந்தப் பையன் முழிக்கிற முழிதான்.

அவன் எப்படி உள்ளே வந்தான்? ‘யெராலாஷ்’னு பிள்ளைங்களுக்கான குட்டி நகைச்சுவைப் படங்களோட வரிசை ஒண்ணு 1974-லேர்ந்து வந்துட்டிருந்துச்சு. அல்யோஷா முதல்ல அதுலதான் தலை காட்டினான். அப்போல்லாம் இயக்குநரோட உதவியாளர்கள் பள்ளிக்கூடம் பள்ளிக்கூடமா ஏறி இறங்கி முகம் தேடுவாங்க. பிடிச்சுப்போனா ஷூட்டிங்குக்குக் கூப்பிடுவாங்க. முடிஞ்சதும் பையன் திரும்ப வகுப்புக்கு வந்துடணும். விட்டுப்போன பாடத்தை அவனே பார்த்துக்கணும்.

அல்யோஷாவுக்கு விட்டுப்போனது நிறைய. பள்ளியை முடிக்கும்போது அவனுக்குப் பள்ளி இறுதிச் சான்றிதழே கிடைக்கலை. பாடங்களைக் கேட்டிருக்கான்னு எழுதின ஒரு தாள்தான் கிடைச்சுது. வெறும் காகிதம்தானேன்னு தோணும். ஆனா அந்த ஊர்ல சினிமாவுக்குப் போற வழி கல்லூரி வழியாத்தான் போச்சு. திரைப்படக் கல்லூரியோ நாடகப் பள்ளியோ, எதுல சேரணும்னாலும் சான்றிதழ் வேணும். அவன் கோட்டை விட்ட படிப்பு அவன் தொழிலுக்கே நுழைவுச்சீட்டா இருந்துச்சு. நாடு முழுக்கத் தெரிஞ்ச முகம், ஆனா நடிக்கக் கத்துக்கிற இடத்துக்கு விண்ணப்பம் போட முடியாது.

அதுக்கப்புறம் ராணுவ சேவை. திரும்பி வந்து மாஸ்கோவுல ஒரு பெரிய நாடக அரங்கத்துல கொஞ்ச நாள் வேலை பார்த்தார். (இப்போ வயசாச்சு, ‘ர்’ போட்டுடறேன்.) வேலைக்கு ஒழுங்கா வரலைன்னு அனுப்பிட்டாங்க. பிறகு சுவருக்குப் பெயின்ட் அடிக்கிற வேலை. 1991-ல நாடே இல்லாமப் போச்சு. படம் எடுக்க ஸ்டுடியோக்கள்கிட்ட காசில்லை. கல்லூரி முடிச்ச நடிகர்களே வேலை தேடி அலைஞ்ச காலம் அது. அவர் மாஸ்கோவை விட்டு விளாதிமிர் பகுதியில ஒரு கிராமத்துக்குப் போனார். மாவு மில்லுல வேலை பார்த்தார், கல்யாணமும் பண்ணிக்கிட்டார்.

1996 பிப்ரவரி 23. ரஷ்யாவுல ராணுவத்தினரைக் கொண்டாடுற நாள். அன்னைக்கு ராத்திரி அவர் இருந்த இடத்துல தீ பிடிச்சுது. அவர் பிழைக்கலை. வயசு 26.

இதைச் சொல்றவங்க பொதுவா ‘சின்ன வயசுப் புகழ் தலைக்கேறிடுச்சு’ன்னு முடிச்சுடுவாங்க. எனக்கு அது போதலை. வேலைக்கு வராம இருந்தது அவர் தப்புதான், மறுக்கலை. ஆனா பள்ளி நாள்ல செட்டுக்கு வரச் சொன்னது பெரியவங்க. படிப்பு என்னாகுதுன்னு கேட்கிறது யாரோட பொறுப்புன்னு அங்க யாருக்கும் எழுதி வைக்கலை. பதிமூணு பதினாலு வயசுல ‘இன்னைக்கு ஸ்கூல் வேண்டாம், ஷூட்டிங்’னு சொன்னா நாம என்ன பண்ணியிருப்போம்?

நதாஷாவும் அதே செட்டுலதான் இருந்தாங்க. அதுக்கப்புறமும் சில படங்கள் வந்துச்சு, ‘ஊதாப் பந்து’ன்னு இன்னொரு அலீசா படமும் அதுல ஒண்ணு. 1988-லேர்ந்து சினிமாவை விட்டுட்டாங்க. அவங்களுக்குப் பிடிச்சது உயிரியல். வேதியியல் தொழில்நுட்பம் படிச்சு, கமலேயா ஆராய்ச்சி நிறுவனத்துல வேலைக்குச் சேர்ந்தாங்க. ஆமா, பின்னாடி ஸ்புட்னிக் தடுப்பூசி வந்த அதே நிறுவனம்தான். அவங்க நடிப்பு வாழ்க்கையும் அல்யோஷாவோட மாதிரியே குட்டிதான். அதை யாரும் சோகக்கதையா சொல்றதில்லை. கையில சான்றிதழ் இருந்துச்சு, போக வேற இடமும் இருந்துச்சு.

2001-ல ரசிகர்கள் மாஸ்கோவுல ஒரு பூங்காவுல அலீசா பேர்ல மரங்கள் நட்டாங்க. நதாஷா வந்தாங்க, புலிச்சேவ் வந்தார். அல்யோஷா இறந்து அப்போ அஞ்சு வருஷம் ஆகியிருந்துச்சு.

அதே கதையை வெச்சு 2024-ல புதுசா ஒரு பெரிய படமும் வந்திருக்கு. கிராஃபிக்ஸ் எக்கச்சக்கம். நீங்க பழசைத் தேடிப் பார்க்கிறதா இருந்தா ஒண்ணே ஒண்ணு கேட்டுக்கிறேன். அலீசா எப்போ வருவான்னு முதல் பகுதியை ஓட்டிடாதீங்க. கெஃபிர் பாட்டிலோட ஒரு பையன் படியிறங்கிப் போவான், அங்கேர்ந்து பாருங்க.