இருளும் ஒரு பொதுச் சொத்து

கடந்த மார்கழியில் நிலவற்ற ஓர் இரவு. பாலக்கோட்டில் ஏறத்தாழ ஒரு மணி நேரம் மின்சாரம் இல்லை. மொட்டை மாடியில் என்னுடன் நின்றிருந்த பேத்தி, வடக்கு வானில் உயரத்தில் ஓரிடத்தைக் காட்டி, 'தாத்தா, அங்கே மட்டும் ஏன் புகை மாதிரித் தெரிகிறது?' என்று கேட்டாள். அவள் காட்டியது ஆண்ட்ரோமீடா அண்டம். அதிலிருந்து வந்து அவள் கண்ணைத் தொட்ட ஒளி புறப்பட்டது 25 லட்சம் ஆண்டுகளுக்கு முன்பு. நான் விளக்கி முடிப்பதற்குள் மின்சாரம் வந்துவிட்டது. தெருமுனை உயர்கோபுர விளக்கு எரிந்ததும் அந்தப் புகை மறைந்துவிட்டது.

நான் வானியல் படித்தவன் அல்லன்; பொருளியல் கற்பித்தவன். ஆனால், அந்த இரவு எனக்குப் பொருளியல் பாடமாகவே பட்டது.

தொலைதூர வானத்தில் மங்கலாகத் தெரியும் பொருள்களை மூன்று வகைப்படுத்தலாம். ஒன்றாகப் பிறந்த விண்மீன்களின் கூட்டம், விண்மீன் கொத்து. நாம் கார்த்திகை என்று வணங்கும் அறுமீன் அத்தகையதே. வெறுங்கண்ணுக்கு ஆறாகத் தெரியும் அதில் முப்பதுக்கும் மேற்பட்ட விண்மீன்களைத் தொலைநோக்கியால் கண்டு 1610-இல் வெளியிட்டார் கலிலியோ. அதில் ஆயிரத்துக்கும் மேற்பட்டவை உள்ளதை இன்று அறிவோம். இரண்டாவது, நெபுலா எனப்படும் ஒண்முகில். வாயுவும் தூசும் திரண்ட இம்முகில்கள் பலவற்றில் புதிய விண்மீன்கள் உருவாகின்றன. மூன்றாவது, கோடிக்கணக்கான விண்மீன்களின் பேரமைப்பான அண்டம்.

இம்மூன்றையும் பிரித்தறிய மனிதகுலத்துக்கு நெடுங்காலம் ஆயிற்று. ஆண்ட்ரோமீடாவை 'சிறு மேகம்' என்று பாரசீக வானியலாளர் அல் சூஃபி 964-ஆம் ஆண்டளவில் குறித்துவைத்தார். வால்மீன் தேடிய பிரான்ஸ் நாட்டு சார்லஸ் மெஸ்ஸியே, தம்மை ஏமாற்றிய மங்கலான புள்ளிகளையெல்லாம் பட்டியலிட்டார். 1781-இல் அப்பட்டியலில் 103 பொருள்கள் இருந்தன. வால்மீன் தேடுவோருக்கு எச்சரிக்கையாக எழுதப்பட்ட அதுவே பின்னாளில் வான ஆர்வலர்களின் வழிகாட்டியாயிற்று.

அந்த 'மேகம்' நம் பால்வீதிக்குள் இருக்கிறதா, வெளியே இருக்கிறதா என்ற கேள்விக்கு 1920-களில்தான் விடை கிடைத்தது. சீராக ஒளி கூடிக் குறையும் ஒருவகை விண்மீன்களின் மாற்றக் காலத்தைக் கொண்டு அவற்றின் உண்மையான ஒளிர்வை அறியலாம் என்பதை ஹென்ரியட்டா லீவிட் என்ற பெண்மணி 1912-இல் நிறுவினார். ஒளிர்வு தெரிந்தால் தொலைவைக் கணக்கிடலாம். அத்தகைய விண்மீன் ஒன்றை 1923-இல் ஆண்ட்ரோமீடாவில் எட்வின் ஹபிள் கண்டார். அது பால்வீதிக்கு அப்பாலுள்ள தனி அண்டம் என்பது உறுதியானது.

இக்கதையில் நமக்கும் பங்கு உண்டு. பாலக்கோட்டுக்குக் கிழக்கே, ஜவ்வாது மலையில் உள்ள காவலூரை ஆய்வகத்துக்காகத் தேர்ந்தெடுத்தார் வைணு பாப்பு. அங்கு 1968-இல் 38 செ.மீ. தொலைநோக்கியுடன் பணி தொடங்கியது. 1972-இல் ஒரு மீட்டர் தொலைநோக்கி வந்தது. பாப்பு மறைந்த பின், 1986-இல், நம் நாட்டிலேயே உருவாக்கப்பட்ட 2.34 மீட்டர் தொலைநோக்கி அவர் பெயரில் பயன்பாட்டுக்கு வந்தது. பூமியிலிருந்து சுமார் 400 கோடி ஒளியாண்டு தொலைவில் உள்ள 'சரஸ்வதி' என்னும் அண்டங்களின் மாபெரும் திரளை 2017-இல் உலகுக்கு அறிவித்தவர்களும் இந்திய வானியலாளர்களே.

ஏன் காவலூர்? நகர வெளிச்சம் எட்டாத இருள் ஒரு காரணம். நிலநடுக்கோட்டுக்கு அருகில் இருப்பதால் வடவானோடு தென்வானின் பெரும்பகுதியும் தெரிவது மற்றொரு காரணம். ஏறத்தாழ அதே அட்சரேகையில்தான் பாலக்கோடும் இருக்கிறது. சுமார் ஒரு கோடி விண்மீன்கள் உருண்டையாகத் திரண்ட ஒமேகா சென்டாரி கொத்தை இங்கிலாந்திலிருந்து பார்க்க இயலாது. எட்மண்ட் ஹாலி 1677-இல் தென் அட்லாண்டிக்கின் செயின்ட் ஹெலினா தீவுக்குச் சென்றே அதைக் கண்டார். நமக்கோ சித்திரை, வைகாசி இரவுகளில் தென்வானில் அது தானே வந்து நிற்கும், வானம் இருண்டிருந்தால்!

அந்த நிபந்தனையில்தான் பொருளியல் நுழைகிறது. இருண்ட வானம் ஒரு பொதுப் பண்டம். நான் பார்ப்பதால் மற்றவருக்குக் குறைவதில்லை; எவரையும் பார்க்காதே என்று தடுக்கவும் முடியாது. ஆனால், எவருக்கும் உரிமையில்லாததைக் காக்க எவரும் முன்வருவதில்லை. விளக்கை நிறுவுபவர் தம் தேவையை மட்டுமே கணக்கிடுகிறார். மேல்நோக்கிச் சிதறும் ஒளியால் பிறர் இழப்பது அக்கணக்கில் வருவதில்லை. இதையே புறவிளைவு என்கிறோம். சிதறும் அந்த ஒளிக்கும் மின்கட்டணம் உண்டு. வானத்துக்கு வெளிச்சம் காட்ட நாம் வரி செலுத்துகிறோம்.

விளக்கே வேண்டாம் என்பது என் வாதமன்று. பின்னிரவில் தக்காளிக் கூடைகளுடன் சந்தைக்கு வரும் விவசாயிக்கும், பணி முடிந்து வீடு திரும்பும் பெண்ணுக்கும் வெளிச்சம் தேவை. அது சாலையில் விழ வேண்டும் என்பதே கோரிக்கை. விளக்கின் மேற்புறத்தையும் பக்கங்களையும் மூடி ஒளியைக் கீழே செலுத்துதல், கண் கூசும் வெண்ணீல ஒளிக்குப் பதில் இளமஞ்சள் ஒளியைப் பயன்படுத்துதல், நள்ளிரவுக்குப் பின் விளம்பரப் பலகைகளை அணைத்தல் ஆகிய மூன்றும் பெருஞ்செலவு பிடிப்பவை அல்ல.

இது நடைமுறைக்கு ஒவ்வாத கனவும் அன்று. லடாக்கின் ஹன்லே பகுதி 2022 டிசம்பரில் இருள்வான் காப்பகமாக அறிவிக்கப்பட்டது. அங்குள்ள மக்கள் விளக்குகளை மட்டுப்படுத்த ஒப்புக்கொண்டனர். வானம் காட்டுவதற்குப் பயிற்சி பெற்ற உள்ளூர் இளைஞர்களுக்குச் சுற்றுலாவால் வருமானமும் கிடைக்கிறது. பொதுவளத்தை அதைப் பயன்படுத்தும் மக்களே விதி வகுத்துக் காக்க முடியும் என்று காட்டியதற்காக எலினார் ஆஸ்ட்ரம் 2009-இல் பொருளியல் நோபல் பரிசைப் பெற்றார். குடிமராமத்து முறையில் ஏரிகளைக் காத்த நமக்கு இது புதிய பாடமில்லை.

காவலூரைச் சுற்றியுள்ள ஊர்கள் வளர்ந்துவருகின்றன. ஆய்வகத்தையொட்டிய மாவட்டங்களிலேனும் புதிய தெருவிளக்குகளுக்கு மேல்மூடியைக் கட்டாயமாக்க அரசு முன்வர வேண்டும். பாழான ஆற்றை மீட்க ஆண்டுகள் பல தேவை. ஆனால், வானத்தை மீட்க விளக்கைச் சரியாகத் திருப்பினாலே போதும்.

அண்டத்தைப் பார்க்க என் பேத்தி மீண்டும் ஒரு மின்தடைக்காகக் காத்திருக்கக் கூடாது.

கட்டுரையாளர்: பொருளியல் பேராசிரியர் (ஓய்வு).