இந்த மாதம் வந்துவிட்டதா?

மாதம் பிறந்து மூன்று நாள் ஆகவேண்டியதுதான். சேலம், நாமக்கல் சீமையில் எந்தக் கிராமத்து டீக்கடைப் பெஞ்சில் போய் உட்கார்ந்தாலும் ஒரு கேள்வி காதில் விழும்: "ஏனுங்க, பணம் வந்துருச்சுங்களா?"

எந்தப் பணம் என்று யாரும் விளக்கம் கேட்பதில்லை. ஓ.ஏ.பி. என்ற மூன்று எழுத்தில் எல்லாம் அடக்கம். முதியோர் பென்ஷனுக்கு ஆங்கிலத்தில் வைத்த பெயரின் சுருக்கம் அது. ஆனால் விதவைக்கு வரும் பணமும் ஓ.ஏ.பி.தான், இருபது வயதில் கால் விளங்காமல் கட்டிலில் கிடக்கும் பையனுக்கு வரும் பணமும் ஓ.ஏ.பி.தான். சர்க்கார் ஏட்டில் திட்டங்களுக்குத் தனித்தனிப் பெயர் உண்டு. ஊனமுற்றோர் என்ற சொல்லை விலக்கி, 2010-ம் ஆண்டில் மாற்றுத்திறனாளிகள் என்ற சொல்லையும் சர்க்கார் ஏற்றுக் கொண்டது. டீக்கடைப் பெஞ்சு இன்னும் பழைய எழுத்துக்களை விடவில்லை.

ராசிபுரம் பக்கத்தில் ஒரு கிராமம் என்று வைத்துக் கொள்வோம். ஒரு தெருவில் விசைத்தறிச் சத்தம், அடுத்த தெருவில் மரவள்ளிக் கிழங்கு வண்டி. அந்த ஊரில் இடுப்புக்குக் கீழ் அசைவற்ற ஒருவர். வீட்டில் வயதான தாயார். ரேஷனில் அரிசி இலவசம். 2011 ஜூன் முதல் அந்தக் கவலை இல்லை. ஆனால் அரிசியை மட்டும் தின்று மனிதன் வாழ முடியுமா? புளி, எண்ணெய், சோப்பு, படுக்கைப் புண்ணுக்கு மருந்து, மாதம் ஒரு தடவை ஆஸ்பத்திரிக்குப் போக ஆட்டோ. இத்தனைக்கும் மளிகைக் கடை நோட்டில் ஒரு பக்கம் இருக்கிறது. அந்தப் பக்கத்துக்கு ஜாமீன் நிற்பது மாதாமாதம் வரும் பணம். ஐந்து தேதிக்குள் வந்தால் கடைக்காரர் பழைய கணக்கை அடித்துவிட்டுப் புதுக் கணக்கு எழுதுவார். பத்து தேதிக்கு மேல் போனால் தராசைத் தூக்கு முன் முகத்தைப் பார்ப்பார். இருபது தேதி ஆனால்? தாயார் வேறு கடைத் தெருவைச் சுற்றிக் கொண்டுதான் கோயிலுக்குப் போவார்.

எவ்வளவு என்பது ஒரு கேள்வி. எப்போது என்பது இன்னொரு கேள்வி. முதல் கேள்வியைச் சட்டசபையில் கேட்கிறார்கள். இரண்டாவதைக் கேட்பது அந்தத் தாயார்தான்.

தபால்காரர் காலம்

சென்னை மாகாணம் என்று இன்னும் அழைக்கப்பட்டு வந்த 1962-ம் ஆண்டில், காமராஜ் முதலமைச்சராக இருந்தபோது, ஆதரவற்ற முதியோருக்கு மாதம் 20 ரூபாய் கொடுக்கும் திட்டம் ஏப்ரல் முதல் தேதி தொடங்கியது. ஆதரவற்ற ஊனமுற்றோருக்கான பென்ஷன் பன்னிரண்டு ஆண்டு கழித்து, 1974 நவம்பர் முதல் தேதி வந்தது. அடுத்த ஆண்டில் விதவைகளுக்கு வந்தது. நாமக்கல் அப்போது சேலம் ஜில்லாவில் ஒரு தாலுகா. தனி ஜில்லாவாகி இயங்கத் தொடங்கியது 1997-ல்தான்.

அந்நாளில் பணம் மணியார்டரில் வந்தது. தாலுகா ஆபீசில் பட்டியல் போட்டு, பாரம் எழுதி, தபாலாபீசில் சேர்ப்பார்கள். தபால்காரர் சைக்கிளை வேப்ப மரத்தில் சாய்த்துவிட்டு, வாசல் திண்ணையில் உட்கார்ந்து, பெருவிரலில் மையைத் தடவிக் கைநாட்டு வாங்கிக் கொண்டு எண்ணிக் கொடுப்பார். எழுந்து நடக்க இயலாதவருக்கு அதைவிட வசதியான ஏற்பாடு வேறொன்று இருக்க முடியாது. வங்கிக்கு வா என்று யாரும் சொல்லவில்லை. வரிசையில் நில் என்றும் சொல்லவில்லை. காப்பிச் செலவுக்கு என்று கொஞ்சம் தபால்காரர் பக்கம் ஒதுங்கியதும் உண்டு. அதைப் பற்றி ஊரில் முணுமுணுப்பு இருந்ததே தவிர, புகார் எழுதியவர் குறைவு. புகார் எழுதினால் அடுத்த மாதம் யார் கொண்டு வந்து கொடுப்பார்கள்?

சர்க்காரின் கணக்கில் மணியார்டருக்கு இரண்டு குறை. 20 ரூபாய்க்கு ஒரு ரூபாய் வீதம் கமிஷன். 1000 ரூபாய் அனுப்ப 50 ரூபாய் தபால் இலாகாவுக்குப் போய்விடும். மற்றொன்று, பணம் பெற்றவர் உண்மையில் உயிரோடு இருக்கிறாரா என்ற சந்தேகம். கைநாட்டு யாருடையது என்று பாரத்தைப் பார்த்துச் சொல்ல முடியாதல்லவா?

2011 மே மாதம் பதவியேற்ற ஜெயலலிதா, முதல் உத்தரவுகளிலேயே 500 ரூபாயாக இருந்த பென்ஷனை 1000 ஆக்கினார். தொகை இரட்டிப்பானபோது கமிஷனும் இரட்டிப்பாகும் என்பது கணக்குப் பிள்ளைகளுக்குத் தெரியாமல் போகாது. அதையொட்டிய ஆண்டுகளில் மணியார்டர் விலகி, வங்கி வந்தது.

விரல் பேசும் கதை

இப்போது பணம் தாலுகாவிலிருந்து நேரே திண்ணைக்கு வருவதில்லை. சமூகப் பாதுகாப்புத் திட்டத்துக்கென்று தாலுகா தோறும் ஒரு தனி தாசில்தார் உண்டு. கிராம நிர்வாக அலுவலரும் ரெவினியூ இன்ஸ்பெக்டரும் விசாரித்து அனுப்பும் மனுவின் மேல் உத்தரவு போடுபவர் அவரே. இறந்தவர் பெயரை அடிப்பது, புதியவரைச் சேர்ப்பது எல்லாம் அங்கேதான். பிறகு பட்டியல் கருவூலத்துக்குப் போய், தொகை வங்கிக்குப் போய், அங்கிருந்து அவரவர் கணக்கில் விழ வேண்டும். இந்தச் சங்கிலியில் எந்தக் கண்ணி நின்றாலும் கடைசியில் காத்திருப்பவர் ஒருவரே. ஏப்ரல் முதல் தேதி வங்கிகளுக்குக் கணக்கு முடிக்கும் நாள். அந்த மாதம் சற்றுத் தள்ளிப் போனால் அனுபவசாலிகள் அதிசயப்படுவதில்லை. 2016 நவம்பர் 8-ந் தேதி இரவு 500, 1000 ரூபாய் நோட்டுக்கள் செல்லாதென்று அறிவித்த பிறகு வந்த மாதங்களில், கணக்கில் பணம் இருந்தும் கையில் நோட்டு இல்லாத விசித்திரத்தையும் பார்த்தாயிற்று.

வங்கிக்கு வர முடியாதவருக்காக வங்கியின் முகவர் ஊருக்கு வருகிறார். பெரும்பாலும் அக்கம்பக்கத்துப் பெண். கையில் ஒரு சிறு இயந்திரம். அதில் விரலை வைத்தால் ஆள் இன்னார் என்று ஊர்ஜிதமாகிப் பணம் வரும். விரல் பேசினால் பணம், பேசாவிட்டால்?

இங்கேதான் கதை சிக்கலாகிறது. சேலம், நாமக்கல் வட்டாரம் கையால் உழைக்கும் வட்டாரம். தறியில் நூல் முடிந்த விரல், ஜவ்வரிசி ஆலையில் ஈரத்தில் ஊறிய விரல், ரிக் லாரியில் இரும்பைப் பிடித்த விரல், இவற்றின் ரேகை தேய்ந்து கிடக்கும். தொழுநோயிலிருந்து குணமானவர்களில் சிலருக்கு விரலே இல்லை. தசை இறுகியவர் விரலை நேராக வைக்கவே முடியாது. அத்தகையவருக்குக் கருவிழியைப் படிக்கும் கருவி உண்டு. உறுப்பு இல்லாதவரை விதிவிலக்காகப் பதிவு செய்யவும் வழி உண்டு. ஆதார் வழக்கில் 2018 செப்டம்பர் 26-ந் தேதி தீர்ப்பளித்த சுப்ரீம் கோர்ட்டும், ரேகை ஒத்துப் போகவில்லை என்பதற்காக உரியவருக்கு உதவியை மறுக்கக் கூடாது என்று கூறியது. தீர்ப்பு டில்லியில் இருக்கிறது. முகவரின் பையில் இருப்பது விரல் கருவி ஒன்றுதான். "இன்னொரு தடவை நல்லாத் துடைச்சுட்டு வைங்க அம்மிணி" என்பதற்கு மேல் அவரால் என்ன செய்ய முடியும்?

கணக்கு விஷயத்திலும் ஒரு வார்த்தை. குறைந்தபட்ச இருப்பு வைக்க வேண்டிய சாதாரணக் கணக்கில் பென்ஷன் விழுந்தால், அபராதம் அதிலிருந்தே கழியலாம். அடிப்படைச் சேமிப்புக் கணக்கு என்று ரிசர்வ் வங்கி ஏற்படுத்தியிருக்கும் வகையில் இருப்பு ஒன்றும் தேவையில்லை. 2014-ல் வந்த ஜன் தன் கணக்கும் அந்த வகைதான். தம்முடையது எந்தக் கணக்கு என்பதைப் பாஸ் புத்தகத்தைக் காட்டிக் கேட்டுத் தெரிந்து கொள்வது நல்லது.

இரண்டு வாசல்

ஊர்க்காரரைக் குழப்பும் விஷயம் இன்னொன்றும் உண்டு. பணம் தரும் வாசல் ஒன்றல்ல, இரண்டு. ரெவினியூ இலாகா கொடுக்கும் பென்ஷனுக்குத் தாலுகா ஆபீஸ். கடுமையான பாதிப்பு உள்ளவர், மனவளர்ச்சி குன்றியவர், தசைச் சிதைவு நோயாளி, தொழுநோயிலிருந்து குணமானவர் ஆகியோருக்குத் தரும் பராமரிப்பு உதவித்தொகைக்கு, கலெக்டர் ஆபீசில் உள்ள மாற்றுத்திறனாளிகள் நல அலுவலர். ஒருவருக்கு இரண்டில் ஒன்றுதான் கிடைக்கும். எந்த வாசல் தமக்குரியது என்று தெரியாமல் பஸ் ஏறி அலைபவர் பலர். திங்கட்கிழமை குறை கேட்கும் நாளில் சேலம், நாமக்கல் கலெக்டர் ஆபீஸ் வாசலில் முச்சக்கர வண்டிகள் வரிசையாக நிற்பதற்கு இதுவும் ஒரு காரணம்.

இரண்டுக்கும் சாவி மருத்துவச் சான்றிதழ். எத்தனை சதவிகிதம் என்று டாக்டர்கள் எழுதுகிறார்களோ, அதுதான் விதி. தேசிய அடையாள அட்டையில் 40-க்குக் கீழ் வெள்ளை, 40-லிருந்து 80-க்குள் மஞ்சள், 80-ம் அதற்கு மேலும் நீலம். டில்லி சர்க்கார் 2009-ல் தொடங்கிய இந்திரா காந்தி தேசிய பென்ஷனில் பங்கு கிடைப்பது 80-ம் அதற்கு மேலும் உள்ளவருக்கே. அந்தப் பங்கும் 2012-ல் மாதம் 300 ரூபாய் ஆனது. 2025 வரை ஒரு ரூபாய்கூட ஏறவில்லை. மீதியெல்லாம் மாநிலத்தின் பை.

அந்தப் பையிலிருந்து 2023 ஜனவரியில் மாற்றுத்திறனாளிகள் பென்ஷன் 1000-லிருந்து 1500 ஆயிற்று. அதே ஆண்டு ஆகஸ்டில் முதியோருக்கு 1200 ஆயிற்று. இந்த இரண்டு எண்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் ஒரு சங்கதி விளங்கும். 2016-ம் ஆண்டின் மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம், 24-வது பிரிவில், மற்றவருக்குக் கொடுப்பதைவிடக் குறைந்தது 25 சதவிகிதம் கூடுதலாகக் கொடுக்க வேண்டும் என்கிறது. 1200-க்கு 25 சதவிகிதம் 300, கூட்டினால் 1500. சட்டம் குறைந்தபட்சம் என்று சொன்ன இடத்தில் ஒரு பைசா கூடாமல் குறையாமல் கணக்கு வந்து நின்றது. சங்கங்கள் ஆந்திராவைக் காட்டிப் பேசுவதில் வியப்பில்லை. அங்கே 2024 ஜூலை முதல் மாதம் 6000 ரூபாய்.

ஆந்திராவைப் பற்றி இன்னும் ஒன்று சொல்ல வேண்டும். தொகையை விடத் தேதி அங்கே பெயர் பெற்றது. 2020 முதல், மாதம் முதல் தேதி விடியும்போதே தொண்டர் ஒருவர் வீட்டு வாசலில் நிற்பார். 2024 தேர்தலுக்கு முன், தொண்டர்கள் கையால் பணம் கொடுக்கக் கூடாது என்று தேர்தல் ஆணையம் தடுத்தது. அந்த ஏப்ரல் வெயிலில் முதியவர்களும் நடக்க இயலாதவர்களும் கிராமச் செயலகத்துக்குப் போக வேண்டியதாயிற்று. மே மாதம் வங்கிக் கணக்கு. பணம் நின்றுவிடவில்லை, வாசலிலிருந்து சில பர்லாங்கு விலகியது, அவ்வளவுதான். அதற்கே மாநிலம் முழுவதும் கூக்குரல்.

தமிழ்நாட்டிலும் தேதி சொல்லிக் கொடுக்க முடியாது என்பதில்லை. 2023 செப்டம்பர் 15-ல் மகளிர் உரிமைத் தொகை தொடங்கியபின், பதினைந்தாம் தேதி என்பது வீட்டுக்கு வீடு மனப்பாடமாயிற்று. ஒரு கோடிக்கு மேற்பட்ட பெண்களுக்குத் தேதி குறித்து அனுப்ப முடிந்தது. பென்ஷன் பட்டியலில் இருப்பவர் அதைவிட மிகக் குறைவு. அவர்களுக்கும் ஒரு தேதியைத் தாலுகா ஆபீஸ் சுவரில் எழுதி வைத்தால் கருவூலத்துக்குக் கூடுதல் செலவு ஒன்றும் ஆகாது.

ராசிபுரம் பக்கத்துக் கிராமத்தில், முகவர் பெண் வந்துவிட்டாள் என்று சிறுவன் ஓடி வந்து சொல்கிறான். தாயார் ஈரத் துணியை எடுத்து மகனின் வலது கைப் பெருவிரலைத் துடைக்கிறார். பிறகு, எதற்கும் இருக்கட்டும் என்று, மற்ற ஒன்பது விரல்களையும் துடைத்து வைக்கிறார்.