பியானோவைப் பாட வைப்பது எப்படி?



இந்திப் படத்தில் கதாநாயகன் பியானோ முன்னால் உட்கார்ந்துவிட்டால், ஒரு காதல் பாட்டு வரப்போகிறது என்று நமக்குத் தெரிந்துவிடும். 1964-இல் வந்த 'சங்கம்' படத்தில் ராஜ் கபூர் பியானோ வாசித்தபடியே தம் மனக்குமுறலைப் பாடுவார். குரல் முகேஷுடையது, இசை சங்கர் ஜெய்கிஷன். அதே ஆண்டு வந்த நம் 'புதிய பறவை'யிலும் சிவாஜி கணேசன் பியானோ வாசிப்பார்.

இத்தகைய பாட்டுகளை வாசிக்க நம் பிள்ளைகளுக்கும் ஆசைதான். நிபோங் திபாலை அடுத்த பைராம் தோட்டமானாலும் வேறு தோட்டமானாலும், வீட்டில் பியானோ இருப்பது அரிது. சின்னக் கீபோர்டு இருக்கலாம். கோயிலில் ஆர்மோனியம் இருக்கலாம். பிள்ளை சுரம் தவறாமல் வாசிக்கிறான். ஆனாலும் பாட்டி, "என்னப்பா, ஆணி அடிக்கிற மாதிரி இருக்கே!" என்கிறார். பாட்டி சொல்வது சரிதான். ஆனால் குறை முழுவதும் பிள்ளையுடையதல்ல.

பாடகர் ஒரு சுரத்திலிருந்து இன்னொன்றுக்கு வழுக்கிச் செல்வார். பியானோவில் அது முடியாது. கட்டையை அழுத்தினால், உள்ளே கம்பளி போர்த்திய சிறு சுத்தியல் கம்பியைத் தட்டிவிட்டுத் திரும்பிவிடும். பிறந்த ஒலி அப்போதே தேயத் தொடங்கும். ஆர்மோனியத்தில் காற்று உள்ளவரை ஒலி நிற்கும். ஆனால் அதிலும் வழுக்க முடியாது. இந்தக் குறையையும் காரணமாகக் காட்டித்தான் அகில இந்திய வானொலி 1940-இல் ஆர்மோனியத்தைத் தடை செய்தது. 1971-இல்தான் தடை தளர்ந்தது. என்னைக் கேட்டால், அது சற்று அதிகமான தண்டனை.

அப்படியானால் உருக்கம் எங்கிருந்து வரும்? முதலில் பாட்டை வாயால் பாடிப் பழகவேண்டும். இந்தி தெரியாதவர்கள் பொருளையாவது கேட்டறிய வேண்டும். பாடகர் மூச்சு வாங்கும் இடத்தில் கையும் கட்டையை விட்டு எழவேண்டும். மற்ற இடங்களில், அடுத்த கட்டை இறங்கும் வரை முந்தைய விரலை எடுக்கக்கூடாது. அப்போதுதான் சுரங்கள் கோத்த பூப்போல வரும். வழுக்கலுக்குப் பதிலாக, நீண்டு நிற்கும் சுரத்துக்கு முன் பக்கத்துச் சுரத்தை ஒரு கணம் தொட்டு வரலாம். ஒரு வரிக்கு ஓரிடம் போதும், மிஞ்சினால் திகட்டும்.

வரியின் முக்கியச் சொல்லை நோக்கி ஒலி மெல்ல வளர்ந்து, பிறகு தணியவேண்டும். இடது கை எப்போதும் அடங்கியே இருக்கட்டும். பெரும்பாலும் பாட்டு கெடுவது இங்கேதான். வலது கை கொஞ்ச, இடது கை உரல் இடிக்கிறது! பியானோவின் வலப்பக்க மிதியை மிதித்தால் ஒலிகள் நீண்டு நிற்கும். இடது கையின் சுரக்கூட்டு மாறும்போதெல்லாம் அதை விட்டு மீண்டும் மிதிக்காவிட்டால், எல்லாம் குழைந்த சோறாகிவிடும்.

விலை குறைந்த சில கீபோர்டுகளில் மெல்லத் தொட்டாலும் ஓங்கி அழுத்தினாலும் ஒரே ஒலிதான். அதில் நேரத்தைக்கொண்டே உணர்ச்சி காட்டவேண்டும். தானியங்கித் தாளத்தை நிறுத்திவிட்டு, முக்கியச் சொல்லின் சுரத்தை மயிரிழை தாமதித்துத் தொடலாம். புதிதாக வாங்கப்போகிறவர்கள், கடையிலேயே ஒரே கட்டையை மெல்லவும் ஓங்கியும் தட்டிப் பார்த்து, ஒலி மாறுகிறதா என்று கேட்டுவிட்டுப் பணம் கொடுங்கள்.