வீடுதான் ஸ்டுடியோ, மாமியாரும் நடிகை!

நடிகை ஜீனா ரோலண்ட்ஸைப் பார்க்க ஸ்டுடியோ வாசலில் காத்துக் கிடந்தவர்கள் ஏமாந்துதான் போயிருப்பார்கள். ஷூட்டிங் அவருடைய வீட்டு ஹாலிலேயே நடந்துகொண்டிருந்தது!

1965-ல் கணவர் ஜான் கசாவெட்டஸ் 'ஃபேஸஸ்' படம் எடுக்கக் கிளம்பியபோது செட் போடக் காசில்லை. லாஸ் ஏஞ்சலிஸில் சொந்த வீடு இருக்கிறது, போதாக்குறைக்கு ஜானின் மாமியார் வீடும் இருக்கிறது, வேறென்ன வேண்டும்? 16 எம்.எம். கேமரா, மாதக்கணக்கில் படப்பிடிப்பு, எடிட்டிங்குக்கு கார் ஷெட்! ஜீனா அப்போது கர்ப்பிணி வேறு. படம் திரைக்கு வர 1968 ஆகிவிட்டது.

இதையெல்லாம் தூக்கிச் சாப்பிடும் கதை 'எ உமன் அண்டர் தி இன்ஃப்ளூயன்ஸ்' (1974). ஜான் முதலில் இதை மேடை நாடகமாகத்தான் யோசித்தார். தினமும் இவ்வளவு உணர்ச்சிகரமான வேடத்தில் நடித்தால் உடம்பு தாங்காது என்று ஜீனா மறுத்துவிட, சினிமாவானது. ஸ்டுடியோக்கள் கையை விரித்தன. வீட்டை அடமானம் வைத்தார்கள். 'கொலம்போ' புகழ் பீட்டர் ஃபால்க் ஹீரோவாக நடித்ததோடு சொந்தப் பணம் 5 லட்சம் டாலரையும் போட்டார்! யூனிட்டில் சினிமா படிக்கும் மாணவர்கள். படத்தில் ஜீனாவுக்கு அம்மாவாக வருபவர் அவரைப் பெற்ற அம்மா. மாமியாராக மிரட்டுபவர்? ஜானின் அம்மா கேத்தரினேதான்!

ஒரு கட்டத்தில் ஜீனா, தான் நடித்த மேபல் பாத்திரத்தில் திணறிப்போய் ஜானிடம் வழி கேட்டிருக்கிறார். எழுதியது நான், ஆசைப்பட்டு ஏற்றுக்கொண்டது நீ, இனி மேபல் உன் சொத்து என்று அவர் ஒதுங்கிக்கொண்டார். அந்தச் சுதந்திரத்தில் ஜீனா செய்ததைப் பார்க்கணுமே! இரவு ஷிஃப்ட் முடித்துவந்த தொழிலாளர்களுக்குக் காலையிலேயே ஸ்பகெட்டி பரிமாறும் காட்சி. ஒருவர் ஓபரா பாட, மேபல் எழுந்து அவர் முகத்தருகே போய், வாய்க்குள்ளிருந்து பாட்டு எப்படி வருகிறதென்று பார்க்கும் குழந்தைபோல உற்றுப் பார்க்கிறாள். அடடா, எத்தனை தடவை பார்த்தாலும் எனக்கு அங்கே மூச்சு நின்றுவிடுகிறது!

விநியோகஸ்தர் கிடைக்காததால் தியேட்டர்காரர்களுக்கு ஜானே போன் போட்டார். அப்படி ஓடிய படம் ஜீனாவுக்குச் சிறந்த நடிகைக்கான ஆஸ்கர் பரிந்துரையையும், ஜானுக்கு இயக்குநர் பரிந்துரையையும் வாங்கித் தந்தது! விருது அன்று எலன் பர்ஸ்டினுக்குப் போனது. 'குளோரியா'வுக்கு (1980) இன்னொரு பரிந்துரை, அதுவும் கைநழுவியது. 2015-ல்தான் கௌரவ ஆஸ்கர் வந்தது. இவ்வளவு தாமதமா என்று எனக்கு இன்னமும் கோபம்தான்.