ஒரே இரவில் காளான் முளைப்பது எப்படி?

மாயக்காளான் கதை என்றால் பிள்ளைகளுக்குக் கொள்ளை ஆசை. உண்மையான மாயம் கறையான் புற்றுக்குள் நடக்கிறது. யாழ்ப்பாணத்துக் கரையோர ஊரான மயிலிட்டியைப் பாருங்கள். போரால் அங்கத்தைச் சனம் 1990 இல் இடம்பெயர்ந்தது. துறைமுகத்தை ஒட்டிய காணிகள் இராணுவத்திடமிருந்து 2017 இல்தான் விடுபட்டன. ஆளில்லாத வளவில் கறையானுக்கு என்ன குறை? விழுந்த மரம், மக்கிய ஓலை, பழைய வளை.

ஆனால் புற்றுக் கட்டும் கறையானுக்கு மரம் தனியே செமிக்காது. மென்று, அரைகுறையாய்க் கழித்ததைப் புற்றின் உள்ளே கடற்பஞ்சு போல அடுக்கி, அதில் டெர்மிட்டோமைசிஸ் என்ற பூஞ்சணத்தை வளர்க்கிறது. மரத்தை விறைப்பாக்கும் லிக்னினைப் பூஞ்சணம் உடைக்கும்; குண்டூசித் தலையளவில் வெள்ளை முடிச்சுகள் வரும்; அதைக் கறையான் தின்னும். மனிதன் விதைக்கத் தொடங்கி 10,000 ஆண்டு சொச்சம். இந்தக் கமம் ஏறத்தாழ 3 கோடி ஆண்டுப் பழசு!

மாரி மழைக்கு மண் இளகியதும் பூஞ்சணம் வேர் போன்ற நீண்ட தண்டை மேலே தள்ளிக் குடை விரிக்கிறது. மொட்டிலேயே கலங்கள் அநேகமாய்த் தயார். தண்ணீரை உறிஞ்சி ஊதுவதுதான் மிச்சம். அதற்கு ஓரிரவு போதும்.

இடி முழங்கினால் முளைக்கும் என்பார்களே? சிரிக்க வேண்டாம். ஜப்பானின் இவாத்தே பல்கலைக்கழகத்தில் மரக்குற்றிகளுக்கு உயர் மின்னழுத்தம் கொடுத்தபோது ஷீட்டாக்கே காளான் கூடுதலாய் விளைந்தது.

வெள்ளிக் கரண்டி கறுக்காவிட்டால் நஞ்சில்லை என்பதுதான் சுத்தப் பொய். அடையாளம் தெரியாத காளானைச் சட்டியில் போடாதீர்கள்.