முதுமையிலும் ஓடும் மோட்டார் வண்டி

பழைய வீடொன்றை வாங்கச் செல்பவர் சுவரிலே பூசிய வெள்ளையைக் கண்டு மயங்குவதில்லை. கூரையை நிமிர்ந்து பார்ப்பார். கைமரங்களைத் தட்டிப் பார்ப்பார். மழைநீர் எவ்வழியே வடிகின்றது என விசாரிப்பார். அதே மனிதர் பழைய மோட்டார் வண்டியொன்றை வாங்கப் புகும்போது மாத்திரம் தம் நிதானத்தை மறந்துவிடுகின்றார். பளபளக்கும் வர்ணமும், வெள்ளிபோல் மின்னும் விளிம்புகளும் அவர் கண்ணைக் கவர்ந்துவிடுகின்றன. பணம் கைமாறுகின்றது. மாரி கழிந்து கோடை வருமுன்னர், வண்டியின் அடிப்புறத்தைத் தின்று தீர்த்த கறள் வெளிப்படுகின்றது. வாங்கிய விலையினும் திருத்தும் விலை மிகுந்துவிடுகின்றது.

இவ்வுண்மை எல்லாப் பழைய வண்டிகளுக்கும் பொருந்துமாயினும், ஜேர்மனியில் இன்றும் பலராற் பேணப்பட்டுவரும் ஒரு வண்டியை எடுத்துக்கொண்டு ஆராய்வது விளக்கத்துக்கு உதவும். அது மேர்சிடிஸ் பென்ஸ் தொழிற்சாலையார் ‘டபிள்யூ 123’ எனக் குறியீடு வழங்கிய இனத்தைச் சேர்ந்த நான்கு கதவு வண்டியாகும். 1976ஆம் ஆண்டு சனவரி மாதத்தில் இது உலகுக்கு அறிமுகமாயிற்று. 1986ஆம் ஆண்டின் தொடக்கத்தில் உற்பத்தி முடிவுறும்வரை, இவ்வினத்தில் ஏறக்குறைய 27 இலட்சம் வண்டிகள் உருவாயின. அவற்றுள் நான்கு கதவு வண்டிகள் மாத்திரம் 23 இலட்சத்துக்கு மேற்பட்டவை. ஸ்டுட்கார்ட் நகருக்கு அணித்தாயுள்ள சிண்டெல்பிங்கன் என்னும் ஊர்த் தொழிற்சாலையே அவற்றின் பிறப்பிடம். வெளிவந்த புதிதில் இவ்வண்டிக்காக வாங்குவோர் மாதக்கணக்காகக் காத்திருந்தனர். காத்திருக்க மனமில்லாதோர், ஓராண்டு ஓடிய வண்டியைப் புதிய வண்டியின் விலைக்கே வாங்கினர்.

இவ்வினத்தில் மிகுந்த பெயர் பெற்றது ‘240 டி’ எனப்படும் டீசல் வண்டி. வெளிறிய தந்த நிறம் பூண்டு, ஜேர்மானிய நகரங்களின் வாடகைக் காராக அல்லும் பகலும் ஓடியது இதுவே. இதன் எஞ்சின் 2.4 லீற்றர் கொள்ளளவும் நான்கு சிலிண்டர்களும் உடையது. அதன் வலு தொடக்கத்தில் 65 குதிரைவலு. பின்னர் 72 ஆக உயர்த்தப்பட்டது. இன்றைய கணக்கில் இது மிகச் சொற்பம். நின்ற நிலையிலிருந்து மணிக்கு 100 கிலோமீற்றர் வேகத்தை எட்டுதற்கு இதற்கு இருபது விநாடிகளுக்கு மேற் செல்லும். ஆயினும் அந்த ஆறுதலான நடையே இதன் நீண்ட ஆயுளுக்குக் காரணங்களுள் ஒன்றாயிற்று. கனத்த வார்ப்பிரும்பினால் ஆக்கப்பட்டு, சிறிதளவு வலுவையே தரும்படி அமைக்கப்பட்ட எஞ்சின், தன் ஆற்றலின் எல்லைவரை வருத்தப்படுவதில்லை.

இதற்காக, இவ்வண்டி தானே அழியாமல் நிற்பது என்று எண்ணிவிடலாகாது. கிரேக்க நாட்டின் தெசலோனிக்கி நகரில் வாடகைக் கார் ஓட்டிய சாரதி ஒருவரின் வண்டி இதற்குத் தக்க சான்று. அவர் வைத்திருந்தது, இவ்வினத்துக்கு முற்பட்ட இனத்தைச் சேர்ந்த, 1976ஆம் ஆண்டில் உருவான ‘240 டி’ வண்டி. அவ்வண்டி 46 இலட்சம் கிலோமீற்றர் ஓடிய பின், 2004ஆம் ஆண்டில் ஜேர்மனியிலுள்ள மேர்சிடிஸ் பென்ஸ் அரும்பொருட்சாலைக்குச் சென்று சேர்ந்தது. இதனைக் கேட்போர் அந்த இரும்பின் உறுதியையே வியப்பர். ஆனால் அச்சாரதி மூன்று எஞ்சின்களை வைத்துக்கொண்டு, ஒன்று வண்டியில் ஓட, ஏனையவற்றைத் திருத்திச் செப்பஞ் செய்து மாறிமாறிப் பொருத்தி வந்தார் என்பதே கவனிக்கத்தக்கது. வண்டி பழுதுபடாதிருந்தமையால் அவ்வளவு தூரம் ஓடவில்லை. பழுது உரிய காலத்தில் நீக்கப்பட்டமையால் ஓடிற்று. கழற்றிப் பூட்டத்தக்க வகையில் அது அமைக்கப்பட்டிருந்தமை தொழிற்சாலையின் பெருமை. கழற்றிப் பூட்டியமை மனிதனின் பெருமை.

அவ்வாறாயின், முதுமையடைந்த வண்டியொன்றை வைத்திருப்பவர் எதனை முதலிற் கவனித்தல் வேண்டும்? பணமும் நேரமும் எல்லையுடையன. ஆதலின் வேலைகளை வரிசைப்படுத்திக் கொள்ளுதல் இன்றியமையாதது. உடல் முதலாவது, நிறுத்துங் கருவிகள் இரண்டாவது, எஞ்சின் மூன்றாவது, அழகு இறுதியானது. பெரும்பாலோர் இவ்வரிசையைத் தலைகீழாகக் கொள்வதனாலேயே வண்டியையும் பொருளையும் ஒருங்கே இழக்கின்றனர்.

உடலின் பகை கறள்; கறளின் தாய் தேங்கிய நீர். ஜேர்மனியின் மாரிகாலத்தில் தெருக்களிற் பனி உறையாதிருத்தற்பொருட்டு உப்புத் தூவப்படுகின்றது. அவ்வுப்பு நீரோடு கலந்து வண்டியின் அடிப்புறமெங்கும் படிகின்றது. முன் சில்லுகளை மூடும் தகடுகள், வண்டியை உயர்த்துதற்குக் கருவி பொருத்தும் இடங்கள், பட்டரி இருக்கும் தட்டு, மேலதிகச் சில்லு வைக்கும் குழி, கண்ணாடியைச் சுற்றியுள்ள றப்பரின் அடிப்பகுதி ஆகியன முதலில் நோய்ப்படும் இடங்கள். முன் கண்ணாடியின் கீழே நீர் வடிவதற்கு வழிகள் உண்டு. மரநிழலில் நிறுத்திய வண்டியில் அவ்வழிகளைச் சருகு அடைத்துவிடுகின்றது. கூரையிலே திறக்குங் கதவுள்ள வண்டிகளில் அதன் நான்கு மூலைகளிலிருந்தும் இறங்கும் மெல்லிய குழாய்களும் இவ்வாறே அடைபடும். அவ்வழிகளிலுள்ள சருகை நீக்குதற்குக் கால் மணி நேரமும் ஒரு மெல்லிய கம்பியும் போதும். நீக்காது விட்டாலோ, சில ஆண்டுகளில் அத்தகடுகளை வெட்டியெடுத்துப் புதியன ஒட்டவேண்டிவரும். காசில்லாத வேலையை இன்று செய்யாதவர் பெருஞ் செலவான வேலையை நாளை செய்வர்.

இரண்டாவது, நிறுத்துங் கருவிகள். பிரேக்குக் குழாய்களில் உள்ள திரவம் காற்றிலுள்ள ஈரத்தைத் தானாகவே உறிஞ்சும் இயல்பினது. ஈரம் கலந்த திரவம், நீண்ட இறக்கமொன்றிலே பிரேக்குச் சூடேறும்போது கொதித்து ஆவியாகும். அப்போது மிதித்த கால் வெறுமையிற் புதையும். ஆதலால் வண்டி ஓடினும் ஓடாவிடினும், இரண்டாண்டுகளுக்கு ஒருமுறையேனும் அத்திரவத்தை மாற்றுதல் அவசியம். றப்பர்க் குழாய்கள் வெளியே நல்லனவாகத் தோன்றினும் உள்ளே வீங்கி அடைபட்டிருத்தல் கூடும். டயர்களின் நிலையும் அத்தகையதே. பள்ளங்கள் தேயாதிருப்பினும், பத்தாண்டைக் கடந்த றப்பர் இறுகி, ஈரத்தெருவிற் பிடிப்பை இழக்கும். இவ்வண்டி முதலில் வந்தபோது, திடீரெனப் பிரேக்கிடுகையிற் சில்லு இறுகிச் சறுக்காது காக்கும் கருவியோ, மோதலில் விரிந்து காக்கும் காற்றுப்பையோ இதற்கு இல்லை. முன்னையது 1980ஆம் ஆண்டிலும் பின்னையது 1982ஆம் ஆண்டிலும் விரும்பிக் கேட்போருக்கு மேலதிக விலைக்கே கிடைக்கலாயின. ஆகவே பெரும்பாலான வண்டிகளில், ஏறிச் செல்வோரின் உயிருக்குக் காவலாக இருப்பன நல்ல டயரும், நல்ல பிரேக்கும், சாரதியின் நிதானமுமே.

மூன்றாவது எஞ்சின். டீசல் எஞ்சினில் எரிபொருளைப் பற்றவைக்கும் தீப்பொறி கிடையாது. சிலிண்டருள் இறுக அழுத்தப்பட்ட காற்று கொதிநிலைக்கும் மிகுதியாகச் சூடேற, அதனுட் பீச்சப்படும் எண்ணெய் தானே பற்றுகின்றது. குளிர்ந்த காலையில் இச்சூடு போதாது. அதற்கென ஒவ்வொரு சிலிண்டருக்கும் மின்னாற் பழுக்கும் சூடேற்றும் முளையொன்று உண்டு. விளக்கு அணையும்வரை சாரதி காத்திருத்தல் வேண்டும். இக்காத்திருப்பை, எஞ்சினைக் கண்டவரை நினைந்து, ‘ருடோல்ப் டீசலுக்கு ஒரு நிமிட அஞ்சலி’ என ஜேர்மானியர் வேடிக்கையாகச் சொல்வர். 1980ஆம் ஆண்டுக்கு முற்பட்ட வண்டிகளில் இம்முளைகள் ஒரே சரமாக இணைக்கப்பட்டிருந்தன. ஒன்று பழுதாயின் நான்கும் குளிர்ந்துவிடும். இதனை அறியாதவர் எஞ்சினே கெட்டதென அஞ்சுவர். அறிந்தவர் பழுதான முளையொன்றைத் தேடுவர்.

வால்வுகளின் இடைவெளியும் இவ்வாறு கைபார்த்துச் சரிசெய்ய வேண்டியதே. எஞ்சின் குளிர்ந்திருக்கையில், காற்றை உள்ளிழுக்கும் வால்வுக்கு 0.10 மில்லிமீற்றர், புகையை வெளிவிடும் வால்வுக்கு 0.30 மில்லிமீற்றர் என்பது இவ்வெஞ்சினுக்குரிய அளவு. நாட்பட ஓட இவ்விடைவெளி குறுகும். குறுகினால் வால்வு முற்றாக மூடாது, அழுத்தம் குறையும், காலையில் எஞ்சின் கிளம்ப மறுக்கும், ஈற்றில் வால்வின் விளிம்பு எரிந்துபோகும். உரிய தவணையில் எண்ணெயும் வடிகட்டியும் மாற்றி, இவ்விடைவெளியையும் சரிபார்த்தால், எஞ்சின் பல இலட்சம் கிலோமீற்றர் உழைக்கும்.

இவ்வண்டிக்கே உரிய விநோதமொன்றும் உண்டு. சாவியைத் திருப்பி வெளியே எடுத்த பின்னும் எஞ்சின் நிற்காது ஓடிக்கொண்டிருக்கும்! தீப்பொறியில்லாத எஞ்சினை நிறுத்த, எண்ணெய் வரத்தையே அடைத்தல் வேண்டும். இவ்வண்டியில் அதனைச் செய்வது வெற்றிட விசை. எஞ்சினால் இயங்கும் சிறு பம்பி காற்றை உறிஞ்சி வெற்றிடத்தை உண்டாக்க, அது மெல்லிய குழாய்கள் வழியே சென்று எண்ணெய்ப் பம்பியை அடைக்கின்றது. சாரதியின் பூட்டோடு எல்லாக் கதவுகளையும் பூட்டும் அமைப்புள்ள வண்டிகளில், அதனை இயக்குவதும் இதே வெற்றிடந்தான். பின் கதவினுள்ளே மறைந்திருக்கும் றப்பர்ச் சவ்வொன்று கிழிந்தால், அவ்வழியே காற்றுப் புகுந்து வெற்றிடம் குன்றும். முன்னே எஞ்சின் நிற்க மறுக்கும். நோய் ஓரிடம், அதன் குறி வேறோரிடம். பொறுமையற்றவர் விலையுயர்ந்த பம்பியை மாற்றி ஏமாறுவர். பொறுமையுள்ளவர் முன்மூடியைத் திறந்து, பம்பியிலுள்ள நிறுத்தும் நெம்பை அழுத்தி எஞ்சினை நிறுத்துவர். பின்னர் குழாய்களை ஒவ்வொன்றாக அடைத்துப் பார்த்து, சிறு விலைக்குரிய சவ்வைக் கண்டுபிடிப்பர். பழைய வண்டி தன் உடையவனுக்குப் புகட்டும் முதற்பாடம் இதுவே: காரணத்தைக் காணுமுன் காசை எடுத்தல் கூடாது.

ஜேர்மானியச் சட்டமும் இவ்விடயத்தில் ஒரு நீதியைக் கைக்கொள்கின்றது. பொதுவாகக் கார்கள் இரண்டாண்டுகளுக்கு ஒருமுறை பரிசோதனைக்குச் செல்லுதல் வேண்டும். உடலைத் தாங்கும் பகுதியிற் கறள் துளையிட்டிருந்தால் வண்டிக்கு அனுமதி இல்லை. அதனோடு, 1997ஆம் ஆண்டு தொடக்கம், முப்பது ஆண்டைக் கடந்து, தன் மூல அமைப்பு மாறாது நன்கு பேணப்பட்ட வண்டிகளுக்கு, இலக்கத் தகட்டின் இறுதியில் தனி எழுத்தொன்று பொறிக்கும் உரிமை வழங்கப்படுகின்றது. அவ்வுரிமை பெற்ற காருக்கு ஆண்டு வரி 191 யூரோ 73 சதம். அதனைப் பெறாத பழைய ‘240 டி’ வண்டிக்கோ ஏறக்குறைய 900 யூரோ. வெறும் முதுமைக்கு இச்சலுகை இல்லை; பேணப்பட்ட முதுமைக்கே உண்டு. பழைய டீசல் எஞ்சின் கரும்புகையைக் கக்குவது என்பதையும் மறத்தல் ஆகாது. இத்தகைய வண்டியை நாள்தோறும் நெரிசலிற் செலுத்தாது, வேண்டியபோது, எஞ்சின் நன்கு சூடேறும் தூரம் ஓட்டுவதே ஊருக்கும் நன்று, வண்டிக்கும் நன்று.

உதிரிப்பாகங்களுக்கு இன்னும் வழியுண்டு. தொழிற்சாலையாரே பழைய வண்டிகளுக்கென 1993ஆம் ஆண்டில் ஸ்டுட்கார்ட்டை அடுத்த பெல்பாக்கில் ஒரு நிலையம் அமைத்தனர். லட்சக்கணக்கில் உருவான இனமாதலின், ஓய்ந்த வண்டிகளிலிருந்து கழற்றிய பாகங்களும் கிடைக்கின்றன. ஆயினும் யானையை வாங்குவது எளிது, தீனி போடுவதே அரிது. வாங்கும் பணம் முழுவதையும் விலையாகக் கொடுத்துவிடாது, ஒரு பங்கை முதலாண்டுத் திருத்த வேலைக்கென ஒதுக்கிவைப்பவரே அவ்வண்டியை ஆள்பவர். ஏனையோரை வண்டி ஆளும்.

இன்னொரு முடிவும் உடையவனுக்கு வருதல் கூடும். தாங்கும் சட்டங்கள் பல இடங்களில் உளுத்து, ஒட்டிய தகட்டின்மேல் தகடு ஒட்டும் நிலை வந்தால், பாசத்தை விடுத்து நிறுத்திவிடுவதே நேர்மை. அவ்வண்டியின் நல்ல கதவும், கண்ணாடியும், எஞ்சினும் வேறு பல வண்டிகளை வாழவைக்கும். அதுவும் பேணுதலின் ஒரு வகையே.

பழைய வண்டியோடு வருவனவற்றுள் விலைமதிப்பு மிகுந்தது எஞ்சினுமன்று, வர்ணமுமன்று. இன்ன திகதியில் எண்ணெய் மாற்றப்பட்டது, இன்ன தூரத்தில் வால்வு சரிசெய்யப்பட்டது என்று முன்னிருந்தவர் ஒழுங்காக எழுதிவைத்த சிறு குறிப்பேடு ஒன்று இருக்குமாயின், அதுவே. அறிந்தோர் முன்மூடியைத் திறக்குமுன் அவ்வேட்டைத் திறந்து பார்ப்பர். அது வெறுமையாயிருப்பின், பளபளக்கும் வண்டியையும் விட்டு மெல்ல நடந்துவிடுவர்.